அம்மா வரும்வரை போர் இல்லை

வெள்ளிக்கிழமை மாலை நாலு முப்பத்தைந்துக்கு மட்டக்களப்பு வாவியின் நடுவில் எங்கள் மிதவை நின்றது. இரண்டு தோணிகளைச் சேர்த்துக் கட்டி, மேலே பலகை பரப்பி, பின்னால் ஒரு எஞ்சினைப் பொருத்தியிருந்தார்கள். அந்த ஊரில் இதற்குப் பெயர் பாதை. எஞ்சின் இரண்டு முறை இருமியது. அப்புறம் சத்தமே இல்லை. பாதைக்காரர் குனிந்து பார்த்துவிட்டு, யாரோ விட்ட வலை எஞ்சின் விசிறியில் சுற்றிக்கொண்டது என்றார். நாளைக்கு மழை வரும் என்று சொல்வதைப் போல அதைச் சொன்னார்.

எனக்கு நீச்சல் தெரியாது. எதிர்க்கரையில், இருட்டத் தொடங்கும் நேரத்தில், என் மகள் கயல் ஒரு கூத்தில் இளவரசனாக வேடம் கட்டி ஆடப்போகிறாள். ஐந்து மணிக்குள் வந்துவிடுவேன் என்று அவளிடம் சொல்லிவிட்டுப் போயிருந்தேன். அவளை ஊருக்கு அழைத்துக்கொண்டு போவதற்காகத்தான் கடல் தாண்டியே வந்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமைக்கு எடுத்த இரண்டு டிக்கெட்டுகள் என் கைப்பையில் இருந்தன.

இப்போது புதுக்கோட்டைக்குத் திரும்பிவிட்டேன். பள்ளிக்கூடம் திறந்து, பத்தாம் வகுப்புக்கு அமிலமும் காரமும் நடத்திக்கொண்டிருக்கிறேன். ஆனாலும் எங்காவது ஒரு மோட்டார் சத்தம் திடீரென்று நின்றால் சாக்பீஸ் கையிலிருந்து நழுவுகிறது. நடந்ததை வரிசையாக எழுதிப் பார்த்தால் கொஞ்சம் அடங்கும் என்று தோன்றியது.

செவ்வாய்க்கிழமை போய்ச் சேர்ந்தேன். கயல் எதிரில் வந்து நின்றபோது ஒரு நொடி அடையாளம் தெரியவில்லை. வெயிலில் கறுத்து, தோள் அகன்று, நடை மாறியிருந்தாள். வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் பாட்டு நாடகங்களைப் பற்றி ஆய்வு செய்ய ஒரு வருடத்துக்கு என்று வந்தவள். நூலகத்தில் உட்கார்ந்து படிப்பாள் என்று நான் நினைத்துக்கொண்டிருக்க, அவள் வாவிக்கு மேற்கே படுவான்கரையில் ஒரு கிராமத்தில் வாடகைக்கு அறை பிடித்து, நான்கு மாதமாகக் கூத்துப் பழகிக்கொண்டிருந்தாள். போன மாதம் போனில், இன்னும் ஒரு வருடம் இருக்கட்டுமா என்று கேட்டாள். நான் பதில் சொல்லாமல் விமானத்தில் ஏறிவிட்டேன்.

துறைக்குப் போகும் வழியில், ஆரையம்பதிக்குப் பக்கத்தில், எங்கள் ஆட்டோவில் பெட்ரோல் தீர்ந்தது. ஓட்டுநர் கொஞ்சமும் பதறாமல் போத்தலை எடுத்துக்கொண்டு நடக்கத் தொடங்கினார். நாங்கள் ஒரு கடையில் பால் சேர்க்காத தேநீர் குடித்தோம். பிளேன்டீ என்றால் அங்கே இஞ்சி தட்டிப் போட்டுத் தருகிறார்கள். அதைக் குடித்த கையோடு கயல், ‘அம்மா, மூஞ்சிய இப்படி வச்சுக்காதே, வெள்ளிக்கிழமை கூத்து முடியட்டும், அப்புறம் பேசலாம்’ என்றாள். சரி என்று தலையசைத்தேன். மூன்று நாளில் அவள் மனம் மாறிவிடும் என்று கணக்குப் போட்டேன்.

என் கணவர் இறந்து ஒன்றரை வருடமாகிறது. காலையில் அலுவலகத்துக்குக் கிளம்பினார். போயிட்டு வரேன் என்றார். போயிட்டு வாங்க என்றேன். பேருந்திலேயே முடிந்துபோனார். அதற்குப் பிறகு அந்த வார்த்தை எனக்கு வாயில் வருவதில்லை. பால்காரரிடம்கூடத் தலையை மட்டும் ஆட்டி அனுப்புகிறேன். கயல் இலங்கைக்குக் கிளம்பிய அன்று வாசலில் பெட்டியோடு நின்றாள். நான் சமையல்கட்டில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன். அன்றைக்கு வெங்காயம் தேவைப்படும் சமையல் எதுவும் இல்லை.

புதன்கிழமை காலை, கயல் தங்கியிருந்த வீட்டுக்காரர் பாக்கியம் அக்கா பிட்டும் இறால் குழம்பும் பரிமாறினார். எங்கள் ஊர்ப் புட்டைப் போலக் குழாயில் அழுத்தாமல், நீத்துப்பெட்டி என்ற ஓலைக் கூம்பில் அவிக்கிறார்கள். கையில் அள்ளினால் மணல் மாதிரி உதிர்கிறது. குழம்பு கண்ணில் நீர் வரவழைத்தது. மிளகாயை அங்கே கொச்சிக்காய் என்கிறார்கள். பெயர் மாறினாலும் காரம் எங்கள் ஊர் மிளகாய்க்கு இரண்டு மடங்கு. பின்னாலேயே மண்சட்டியில் எருமைத் தயிர் வந்தது. அந்தத் தயிரைப் பற்றி மட்டும் தனியாக ஒரு கட்டுரை எழுதலாம்.

சாப்பிட்டுவிட்டு கயல் என்னை வட்டை என்று அங்கே சொல்லும் வயல்பக்கம் கூட்டிப்போனாள். அறுவடை முடிந்த வயல்வெளிக்கு நடுவே வரப்பில் நடந்தபடியே தன் ஆய்வை எனக்கு ஒப்பித்தாள். நம்ம ஊர்த் திருவிழாவில் விடிய விடிய நடக்கிற நாடகத்தை நினைத்துக்கொள் என்றாள். பலகை மேடை, அரண்மனை வரைந்த திரை, ஓரத்தில் ஆர்மோனியம். அந்தத் திரையும் மேடையும் வடக்கே பம்பாய்ப் பக்கத்து நாடகக் கம்பெனிகளைப் பார்த்து வந்தவை. அப்புறம் நம் ஆட்கள் அதைக் கப்பலேற்றிக் கொழும்புக்கும் யாழ்ப்பாணத்துக்கும் மட்டக்களப்புக்கும் கொண்டுவந்தார்கள். மணி அடித்துத் திரை மேலே போவதைப் பார்த்து இங்கே சனங்கள் அசந்துபோனார்கள். டிறாமா என்று பெயர் வைத்தார்கள். அதுவரை வட்டமாகச் சுற்றி உட்கார்ந்து கூத்துப் பார்த்தவர்கள், ஒரே பக்கமாகத் திரும்பி உட்காரப் பழகினார்கள். பல ஊர்களில் கூத்துக்குள்ளேயே திரையும் ஆர்மோனியமும் நுழைந்தன.

பிறகு படித்தவர்கள் கூத்தை நகரத்து அரங்குகளுக்கு எடுத்துப்போனார்கள். ஒரு இரவு முழுக்க ஆடுவதை ஒன்றரை மணி நேரமாக வெட்டினார்கள். கெடுத்துவிட்டார்கள் என்று சிலர் கத்தினார்கள். அவர்களால்தான் பெண்பிள்ளைகள் கூத்துக்குள் வந்தார்கள் என்று வேறு சிலர் கத்தினார்கள். கயல் சிரித்தாள். வெட்டின கூத்து மறுபடியும் கிராமத்துக்குத் திரும்பி வந்தபோது கிராமம் அதைப் பிரித்துப் பார்த்து, வேண்டியதை வைத்துக்கொண்டது என்றாள். பிள்ளைகளுக்குப் பரீட்சை, ஒலிபெருக்கிக்குப் பத்து மணி வரைதான் அனுமதி, அதனால் குறுக்கின நேரம் பிடித்தது. திரை பிடிக்கவில்லை. வட்டம் திரும்பி வந்துவிட்டது. பக்கத்து ஊரோடு போட்டி, வாட்ஸ்அப் குழுவில் நாள்தோறும் சண்டை. போன வருடம் பக்கத்து ஊர்க்காரர்கள் டிரோன் விட்டுப் படம் பிடித்தார்களாம். இந்த ஊர்க்காரர்களுக்கு அந்த எரிச்சல் இன்னும் ஆறவில்லை.

நான் கேட்டுக்கொண்டே வந்தேன். எனக்கு ஞாபகம் வந்தது வேறு. எங்கள் தெருவுக்கு நாடகம் ஆட வந்த பெண்களுக்கு எங்கள் அத்தை தனி டம்ளரில் தண்ணீர் கொடுத்தார். இரவெல்லாம் முதல் வரிசையில் உட்கார்ந்து அவர்கள் பாட்டுக்கு அழுததும் அதே அத்தைதான். இதைக் கயலிடம் சொல்லவில்லை. அவள் அதையும் ஆய்வில் சேர்த்துவிடுவாள்.

அன்று மாலை, பாக்கியம் அக்கா அரிசி புடைத்துக்கொண்டே அந்த ஊர் வழக்கம் ஒன்றைச் சொன்னார். கூத்தில் ஒருவர் போருக்குப் போகிற கட்டம் வந்தால், கதையில் வரும் தாய் விடை கொடுத்தால் மட்டும் போதாது. ஆடுகிறவருடைய சொந்த வீட்டார் யாராவது எழுந்து களரிக்குள் வந்து, மாலை போட்டு, வாயால் விடை கொடுக்க வேண்டும். களரி என்பது மண்ணைக் கூட்டி உயர்த்திய வட்டமான ஆடுகளம். வீட்டார் வராவிட்டால் என்னாகும் என்று கேட்டேன். ‘வராம இரிந்ததே இல்லயே’ என்றார். வேறு யாராவது கொடுக்கக்கூடாதா என்றேன். புடைப்பதை நிறுத்தினார்.

‘முந்தி ஒருவேளை குடுத்திரிப்பாங்க. இப்ப குடுக்க ஒண்ணா, டீச்சர். பிரச்சின காலத்தில விடை கேக்காமலே போன புள்ளயள் கன பேர் இந்த ஊரில. எங்கட மூத்தவனும் அப்பிடித்தான். ராவுச் சாப்பாட்ட மூடி வச்சிரிந்தன்.’

போர் நடந்த வருடங்களை அங்கே பிரச்சினை காலம் என்கிறார்கள். அவர் மறுபடி சுளகைத் தட்டத் தொடங்கினார்.

வியாழக்கிழமை அடுக்குப் பார்த்தல். வேடம் கட்டாமல் முழுக் கூத்தையும் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பதற்கு அப்படிப் பெயர். கூத்தைப் பழக்குபவரை அண்ணாவியார் என்கிறார்கள். அவர் பகலில் பள்ளி வேன் ஓட்டுகிறார். மத்தளம் அவர் மடியில். பக்கத்தில் ஒருவர் சல்லாரி என்ற சின்னத் தாளத்தைத் தட்டுகிறார். பின்னால் ஐந்தாறு பேர் பிற்பாட்டுக்காரர்கள். களரிக்குள் நிற்பவர் என்ன பாடினாலும், பேச்சாகவே சொன்னாலும், கடைசி வரியை இவர்கள் எடுத்துத் திருப்பிப் பாடுகிறார்கள். எங்கள் ஊரில் ராஜா வந்தால் தனியாகத்தான் பாடுவார். தொண்டை கட்டிக்கொண்டால் ஆர்மோனியக்காரர் பார்த்து இழுத்துவிட்டால் உண்டு. இங்கே ஒருவரையும் தனியாகப் பாட விடுவதில்லை. தடுமாறினால் ஊரே அவருடைய வரியைத் தாங்கிக்கொள்கிறது.

கயல் ஆடியதை அன்றுதான் முதலில் பார்த்தேன். என் மகளுக்கு அவ்வளவு குரல் இருப்பது எனக்குத் தெரியாது. சந்தோஷப்பட வேண்டிய இடத்தில் பயந்தேன். குதித்துச் சுழன்றபோதெல்லாம் அவள் நெஞ்சைப் பார்த்தேன், மூச்சு வாங்குகிறதா என்று.

இளவரசனின் தாயாக ஆடியவர் சீனித்தம்பி அண்ணன். வாவியில் மீன் பிடிப்பவர், அடர்ந்த மீசைக்காரர். ராணி வேடம் அவருக்கு வாடிக்கை. மீசையை வெள்ளிக்கிழமை காலையில்தான் எடுப்பாராம். அதுவரைக்கும் ராணிக்கு மீசைதான் என்று அவர் மனைவி ஓரத்திலிருந்து சத்தமாகச் சொன்னார். இந்த ராணி வீட்டில் ஒரு வேலையும் செய்வதில்லை என்றும் சேர்த்துக்கொண்டார். இடைவேளையில் சீனித்தம்பி அண்ணன் என் பக்கத்தில் வந்து குந்தினார்.

‘டீச்சர், ஒண்டு கேக்கட்டா? புள்ள போறன் எண்டு வந்து நிண்டா நீங்க என்ன செய்வீங்க? நான் நெஞ்சில அடிச்சி அழுறன். அண்ணாவியார் அது சரியில்ல எண்டுறார். மரண வீட்டுக்குத்தான் அப்பிடியாம்.’

‘நான் அழமாட்டேன்’ என்றேன்.

‘மறுகா?’

‘திரும்பிக்குவேன். சமையல்கட்டுக்குப் போயி எதையாவது நறுக்குவேன்.’

அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை. ‘ஓம், அது வேற வலி’ என்று சொல்லி எழுந்து போனார்.

எல்லாம் முடிந்ததும் அண்ணாவியார் என்னிடம் வந்து, மறுநாள் விடை நீங்கள்தான் கொடுக்க வேண்டும் என்றார். பார்க்கலாம் என்றேன். அவர் அதை ஒப்புதலாக எடுத்துக்கொண்டார். கயல் எடுத்துக்கொள்ளவில்லை. வீட்டுக்கு நடக்கும்போது என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

‘உனக்கு இஷ்டமில்லைன்னா வராதேம்மா. நான் தப்பா நினைக்க மாட்டேன். ஆனா வரேன்னு சொல்லிட்டு வராம இருந்திராதே. அது என்னால முடியாது.’

எனக்குப் புரிந்தது. வருகிறேன் என்றேன்.

வெள்ளிக்கிழமை காலை நான் மட்டும் அமிர்தகழிக்குப் போனேன். அங்கே கோயிலுக்குப் பக்கத்தில் பெரிய தீர்த்தக் குளம். படியில் உட்கார்ந்து யோசித்தேன். யோசித்ததெல்லாம், கூத்து முடிந்ததும் அவளிடம் எப்படிப் பேசி மடக்குவது என்பதைத்தான். களரிக்குள் போய் நிற்பது, மாலை போடுவது, அதெல்லாம் சடங்கு, அதைச் செய்துவிடலாம். ஞாயிற்றுக்கிழமை விமானம் வேறு விஷயம். அப்படித்தான் இரண்டையும் பிரித்து வைத்திருந்தேன். திரும்பும் பேருந்து காத்தான்குடிக் கடைத்தெருவில் நெரிசலில் மாட்டியது. இருந்தாலும் நேரத்துக்குத் துறைக்கு வந்து, நாலரைக்குப் பாதையில் ஏறிவிட்டேன்.

மறுபடி வாவியின் நடுவுக்கு வருகிறேன்.

பாதையில் ஏழெட்டுப் பேர், இரண்டு மோட்டார் சைக்கிள், ஒரு ஆடு. என் பக்கத்தில் பெரிய பொட்டலங்களோடு ஹனிபா காக்கா என்ற காத்தான்குடித் துணிக்கடைக்காரர். எங்கள் கடற்கரைப் பக்கத்து முஸ்லிம்களும் அண்ணனைக் காக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். அதனால் சட்டென்று வாயில் வந்தது. பொட்டலங்களில் கூத்து உடுப்புக்கான சரிகை, ஜிகினா, மணிகள், சரிகை மாலைகள். எந்த ஊரில் கூத்து என்றாலும் தன் கடைச் சரக்குத்தான் மின்னும் என்றார். இந்த முறை சரக்கு வந்திறங்கத் தாமதமாகி, தானே கொண்டுபோகிறாராம். ராசாவுக்குப் பாதிச் சரிகை இல்லாமல்தான் இன்றைக்குப் போர் என்று அலுத்துக்கொண்டார்.

கச்சான் காற்று மேற்கிலிருந்து அடித்தது. பாதை போக வேண்டிய திசைக்கு நேர் எதிராக, வந்த கரையை நோக்கிக் கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளிக்கொண்டே இருந்தது. பாதைக்காரர் நங்கூரக் கல்லைப் போட்டார். ஒருவர் கத்தியோடு தண்ணீரில் இறங்கி வலையை அறுத்தார். வலை வந்தது. எஞ்சின் வரவில்லை.

கயலுக்குப் போன் செய்தேன். வேடம் கட்ட உட்கார்ந்தவள் கையில் போன் ஏது? பாக்கியம் அக்காவும் எடுக்கவில்லை. ஹனிபா காக்கா அண்ணாவியாருக்கு அடித்தார். மத்தளத்துக்கு முன்னால் உட்கார்ந்தவருக்கு என்ன கேட்கும்? இன்னொரு பாதை அந்தப் பக்கம் பழுதில் கிடக்கிறது என்றார்கள். சூரியன் படுவான்கரை மேல் இறங்கியது. தண்ணீர் முழுக்கச் செம்பு நிறமானது. எல்லோரும் அதைப் படம் பிடித்தார்கள். நான் கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, போயிட்டு வரேன் என்று சொல்லிவிட்டுத் திரும்பி வராதவர்களின் பக்கத்தில் நானும் போய்ச் சேர்ந்துவிட்டேன் என்று நினைத்தேன். அங்கே ஒருத்தி கண்ணுக்கு மை வைத்தபடி வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பாள்.

இருட்டியது. எதிர்க்கரையில் விளக்குகள் வரிசையாக எரிந்தன. ஒலிபெருக்கியில் மத்தளச் சத்தம் தண்ணீர் மேல் தெளிவாக வந்தது. கூத்து தொடங்கிவிட்டது. உள்ளே எங்கோ ஒரு சின்ன நிம்மதியும் வந்தது. நான் இல்லாமலே நடந்துவிடும், நான் ஒன்றும் சொல்ல வேண்டியிருக்காது. கயலின் குரல் வந்தது. அடுக்குப் பார்த்தலில் கேட்ட பாட்டுத்தான்: அன்னையே, விடை தா. அதற்கு ராணி மறுக்கும் பாட்டு. வியாழக்கிழமை அது மூன்று பாட்டில் முடிந்தது. இன்று முடியவில்லை.

சீனித்தம்பி அண்ணன் குரல் ஏதோ சாப்பாட்டைப் பற்றிப் பாடியது. பிற்பாட்டுக்காரர்கள் அதை வாங்கினார்கள். அடுத்த பாட்டும் சாப்பாடு. அதற்கடுத்ததும்.

‘பிட்டவிச்சி வச்சிரிக்கன், பேசாம உண்ணு மகனே,
இட்டலியும் கேட்டாயோ இந்தியாப் பாலகனே!’

கரையில் சிரிப்பு அலை மாதிரி எழுந்தது இங்கே வரைக்கும் கேட்டது. பாதையில் இருந்தவர்களும் சிரித்தார்கள். ஹனிபா காக்கா மட்டும் பீடியை வாயிலிருந்து எடுத்துவிட்டு உற்றுக் கேட்டார்.

‘டீச்சர், இது கதையில இல்லாத பாட்டு. ராசாத்தி சும்மா சமைச்சிக்கொண்டிரிக்கா. ஆருக்கோ வேண்டி இழுக்கிறாங்க.’

இறால் வந்தது, நண்டு வந்தது, முருங்கைக்காய் வந்தது. கரையிலிருந்தவர்களே கறிகளின் பெயரைக் கத்த, அவர் அதையெல்லாம் பாட்டாகக் கட்டினார். அண்ணாவியார் தாளத்தை விடாமல் வைத்திருந்தார். பத்து மணிக்கு ஒலிபெருக்கியை அணைக்க வேண்டும். போர்க்களம் முழுதும் இன்னும் பாக்கி. ஒரு ஊரே தன் கூத்தை அடுப்பில் வைத்துக்கொண்டு எனக்காகக் காத்திருந்தது. நான் வேண்டுமென்றே வராமல் இருந்துவிட்டேன் என்று யாரும் நினைக்கவில்லை. நினைத்திருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும்.

அந்த நேரம் சின்னத் தோணி ஒன்று வலை போட்டுவிட்டுப் பக்கத்தில் வந்தது. மூன்று பேர் உட்காரலாம் என்றார் தோணிக்காரர். நான் தண்ணீரைப் பார்த்தேன். கறுப்பாக இருந்தது. ஆடு என்னைப் பார்த்துக் கத்தியது. ஹனிபா காக்கா முதலில் பொட்டலங்களை இறக்கினார், பிறகு தான் இறங்கினார், பிறகு கையை நீட்டினார். ‘ஆழமில்ல டீச்சர், கம்பு ஊண்டித்தான் போறாங்க’ என்றார். பலகையிலிருந்து தோணிக்குக் கால் வைக்கையில் தோணி விலகியது. ஒரு கால் தண்ணீரில் முழங்காலுக்கு மேல் இறங்கி, சேற்றைத் தொட்டது. தரை இருந்தது. அதற்குப் பிறகு என்னைத் தூக்கிப் போட்டது யார் என்று எனக்குத் தெரியாது.

கரை நெருங்க நெருங்கச் சீனித்தம்பி அண்ணனின் குரல் கம்மியது தெரிந்தது. தயிருக்கு வந்திருந்தார். தயிருக்குப் பிறகு பாட என்ன இருக்கிறது?

கரையில் இறங்கியதும் ஹனிபா காக்கா பொட்டலத்தைக் கிழித்து ஒரு சரிகை மாலையை என் கையில் திணித்தார். கூட்டம் வழி விட்டது. யாரோ ‘வந்திற்றா, வந்திற்றா’ என்றார்கள். அது வரிசை வரிசையாக முன்னால் போயிற்று. ஈரச் சேலை காலைத் தடுக்க, களரியின் விளிம்பில் போய் நின்றேன்.

ராணி இளவரசனுக்கு முதுகைக் காட்டி, களரியின் மறுகோடியில் குந்தியிருந்தார். மீசை எடுத்த முகம் வேறு யாரோ போல இருந்தது. இடது கை எதையோ பிடித்திருக்க, வலது கை நறுக்கிக்கொண்டே இருந்தது. கத்தியும் இல்லை, காயும் இல்லை. கண்ணைத் துடைக்காமல், வேகமாக, தேவையில்லாமல் நறுக்கிக்கொண்டிருந்தார். சுற்றியிருந்த சனம் சிரித்துச் சிரித்து ஓய்ந்து, இப்போது சும்மா பார்த்துக்கொண்டிருந்தது. அந்த முதுகு என்னுடையது. அதை அதுவரைக்கும் கயல் மட்டும்தான் பார்த்திருந்தாள்.

அவள் நடுவில் நின்றிருந்தாள். மீன் பிடிக்கும் கரப்பு மாதிரி இடுப்பிலிருந்து விரிந்த உடுப்பு, பாதிச் சரிகை இல்லாத மார்புக் கவசம், தலையில் மணிமுடி. மீசை வரைந்திருந்தார்கள். யார் முகம் தெரிந்தது என்று எழுத வேண்டியதில்லை. என்னைப் பார்த்ததும் அவள் கால் தாளத்தை விட்டது. மத்தளம் நின்றது. எல்லாம் நின்றது.

களரிக்குள் ஏறினேன். மாலையைப் போட வேண்டும் என்று நினைவில்லை. ஒன்றரை வருடமாக வராத அந்த வார்த்தையைத் தேடினேன். அது வரவில்லை. வேறொன்று வந்தது.

‘சாப்பிட்டியா?’ என்றேன்.

களரிக்குள் நிற்பவர் சொன்னதைத் திருப்பிப் பாடுவதுதானே அவர்கள் தொழில்? பிற்பாட்டுக்காரர்கள் ஒரு நொடிகூடத் தயங்காமல், அரச தாளத்தில், ‘சாப்பிட்டியா’ என்று எடுத்தார்கள். சல்லாரியும் சேர்ந்தது. ஊர் குலுங்கியது. சீனித்தம்பி அண்ணன் நறுக்குவதை நிறுத்திவிட்டுத் திரும்பினார்.

‘இல்லம்மா’ என்றாள் கயல். ‘நீ வரட்டும்னு இருந்தேன்.’

அதை அவர்கள் பாடவில்லை. அண்ணாவியார் கையை உயர்த்தி நிறுத்தியிருந்தார்.

மாலையைப் போட்டேன். சரிகை அவள் மணிமுடியில் சிக்கியது, எடுத்துவிட்டேன். அவள் கேட்பது இந்தப் போருக்கு மட்டுமில்லை. அது அவளுக்குத் தெரியும், எனக்கும் தெரியும். கைப்பை தோளிலேயே இருந்தது, நனைந்துபோய்.

‘போயிட்டு வா’ என்றேன்.

ஒருவரும் பாடவில்லை. மத்தளமும் எழவில்லை. தவறாகச் சொல்லிவிட்டேனோ என்று திரும்பினேன். சீனித்தம்பி அண்ணன் பாவாடையைக் கையில் பிடித்துக்கொண்டு எழுந்து வந்து, தன் மார்பில் குத்தியிருந்த மைக்கைக் கழற்றி என் வாயருகே பிடித்தார்.

‘டீச்சர், மறுகா ஒருக்காச் சொல்லுங்க’ என்றார் மெதுவாக. ‘பின்னுக்கு இரிக்கிறவங்களுக்குக் கேக்கல்ல.’

சொன்னேன்.